தெலுங்குப் படத்தில் எங்கள் குப்பம்

குப்பம், மாமல்லபுரம் வழி
10-3-1974

அன்புள்ள அக்காவுக்கும் மாமாவுக்கும் வச்சலா வணக்கத்துடன் எழுதுவது. இங்கே நைனாவும் நானும் சௌக்கியம். நைனாவுக்கு முழங்கால் வலி குறைந்து இரண்டு நாளாகக் கடலுக்குப் போகிறார். அங்கே குழந்தைக்குப் பல் முளைத்ததா, மாமாவின் இருமல் எப்படி இருக்கிறது என்று எழுதவும்.

முதலில் நைனா சொல்லச் சொல்ல எழுதுவது. நம் கரையில் ஒன்பது நாளாக ஒரு தெலுங்குப் படத்துக்கு ஷூட்டிங் நடந்தது. ஊர்த் தலைவர் என்பதால் நைனாவிடம்தான் வந்து உத்தரவு கேட்டார்கள். ஊரே கூடிப் பெரிய வலை இழுப்பதைப் படம் பிடித்தார்கள். முதல் ஆளாகக் கயிற்றைப் பிடித்தது நைனா. படம் செங்கல்பட்டுக்கு வந்தால் மாப்பிள்ளைதான் கொட்டகை மெஷினில் ஓட்டுவார் என்பதால், நைனா வரும் இடத்தை மெதுவாக ஓட்டச் சொல்லவும்.

இனி நானே எழுதுகிறேன். நைனா வலை காயப்போடப் போய்விட்டார். அக்கா, ஜமீன்தார் வீட்டுப் பையன் மீன்காரப் பெண்ணைக் காதலிக்கிற கதையாம் இது. கதாநாயகி மீன்கூடையைத் தூக்கினதைப் பார்த்து எங்களுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. கூடையை உடம்பில் படாமல் தள்ளியே பிடித்தாள். நம் பக்கத்து வீட்டு வேண்டா நேரே போய், "இன்னாம்மா, செத்த மீனு உன்னக் கடிக்கவா போவுது?" என்று கேட்டுவிட்டாள். அந்தப் பொண்ணுக்குத் தமிழ் தெரியாது, நல்லவேளை. பாராட்டுகிறாள் என்று நினைத்துக் கும்பிட்டாள்.

மாமாவிடம் ஒன்று கேட்டுச் சொல். கேமரா நேர் எதிரே நிற்கிறவர்களை மட்டும்தான் பார்க்குமா, பக்கத்தில் தள்ளி நிற்பதும் விழுமா? சும்மாதான் கேட்கிறேன். பதிலை மட்டும் கடிதத்தின் அடிப்பக்கத்தில் எழுது. மேல்பக்கத்தை நைனாவுக்குப் படித்துக் காட்டவேண்டும்.

உன் தங்கை
வச்சலா

செங்கல்பட்டு
16-3-1974

அன்புத் தங்கை வச்சலாவுக்கு ஆசீர்வாதம். நைனாவுக்கு எங்கள் நமஸ்காரம். குழந்தைக்குக் கீழே இரண்டு பல் வந்திருக்கிறது, என் தோளில்தான் பதம் பார்க்கிறாள். உன் மாமாவின் இருமல் மெஷின் விளக்கின் கார்பன் புகையோடு பிறந்தது, போகாது. நைனா வரும் இடத்தை மெதுவாக ஓட்ட மெஷினில் வழியில்லையாம், ஆனால் ரீலைத் திருப்பி இரண்டு தடவை வேண்டுமானால் காட்டுகிறேன் என்கிறார்.

இது உனக்கு மட்டும். "கேமராவுக்கு நம்ம கண்ணை விட அகலக் கண்ணு கீது. சில கண்ணாடி மாட்டினா கரை மொத்தமும் விழும். ஓரத்தில் நிக்கிறவன் மூக்குச் சிந்தறது கூட விழும்" என்றார் உன் மாமா. சும்மாதான் கேட்டாளாம்! நீ பிறந்ததிலிருந்து சும்மா எதையாவது கேட்டிருக்கிறாயா? என்ன செய்தாய் என்று ஒழுங்காக எழுது. எனக்கு இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை.

பார்வதம்

குப்பம்
2-4-1974

அன்புள்ள அக்காவுக்கு, இங்கே இருவரும் சுகம். உன் உடம்பையும் குழந்தையையும் பார்த்துக்கொள்ளவும். நைனா சொல்ல இந்த வாரம் விசேஷம் ஒன்றும் இல்லை. வஞ்சிரம் நன்றாக விழுகிறது, மாப்பிள்ளை வந்தால் கொடுத்து அனுப்பலாம் என்றார்.

அக்கா, சத்தம் போடாமல் படி. சதுரங்கப்பட்டினம் சாலையில் லாரியும் செங்கல் சூளையும் வைத்திருக்கிற ஜம்புலிங்கம் காண்ட்ராக்டர் உனக்குத் தெரியும். அவர்கள் வீட்டுப் பின்வாசலுக்கு ஒரு வருஷமாக நான்தான் மீன் கொடுக்கிறேன். அவர் மகன் தாமோதரன். அவர் பேசுவார், நானும் பேசுவேன். அப்படித்தான் ஆரம்பித்தது. ஷூட்டிங் சாமான் எல்லாம் அவர்கள் லாரியில்தான் வந்தது, அதனால் ஒன்பது நாளும் ஜீப்பில் வந்துகொண்டிருந்தார்.

வலை இழுத்த அன்றைக்குக் கயிறு உரசி என் உள்ளங்கை கிழிந்துவிட்டது. கேமரா எதிரே கதாநாயகனும் கதாநாயகியும் நின்றார்கள். நாங்கள் தள்ளி, கட்டுமரத்துக்குப் பின்னால் நின்றோம். அவர் கைக்குட்டையால் என் கையைக் கட்டி, அந்தக் கையை அப்படியே தன் கன்னத்தில் வைத்துக்கொண்டார். நான் கையை எடுக்கவில்லை. கேமரா கதாநாயகியைத்தானே பார்க்கும், அவளை விட்டுவிட்டு என்னை ஏன் பார்க்கப்போகிறது என்றிருந்தேன். எனக்கு என்ன தெரியும்!

மறுநாள் படக்காரர்களின் உதவி டைரக்டர் சிரித்துக்கொண்டே இவரிடம் சொன்னாராம்: "மீ இத்தரு, நீங்க ரெண்டு பேரும், ஷாட்டுல அழகா விழுந்திருக்கீங்க. நடிச்சா இப்படி வராது, இருக்கட்டும்னு டைரக்டர் சொல்லிட்டாரு." அன்றைக்கே மூட்டை கட்டிக்கொண்டு மதராஸ் போய்விட்டார்கள். யாரிடம் போய் எடுத்துவிடுங்கள் என்று கேட்பேன்?

சந்திரம்மா மகள் ரத்னாவை நினைத்துக்கொள்கிறேன். வெளியூர் கண்டக்டரோடு பேசினாள் என்று இரண்டு வருஷம் முன்னால் ஊர்க் கூட்டத்தில் நிறுத்தினார்களே. நம் நைனாதான் தீர்ப்புச் சொன்னார். "பொண்ணு ஊரை வுட்டுப் போவணும். வூட்டுல வெச்சுகினா வூடும் சேர்ந்து போவணும்." துணி மூட்டையோடு தனியாக பஸ் ஏறினாள். அவள் அப்பாவும் ஏற்றிவிடக்கூட வரவில்லை. எங்கே இருக்கிறாள் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. சந்திரம்மா மீன் விற்கும்போது எனக்குப் பக்கத்தில்தான் உட்காருகிறாள். ஒவ்வொரு பஸ் வரும்போதும் எழுந்து நின்று பார்த்துவிட்டு உட்காருவாள்.

எனக்குப் பயமாக இருக்கிறது அக்கா.

வச்சலா

செங்கல்பட்டு
6-4-1974

வச்சலாவுக்கு. நைனாவுக்கு நமஸ்காரம், வஞ்சிரத்துக்கு அவசரமில்லை, எல்லாரும் நலம் என்று படித்துக்காட்டு.

பாவி! உனக்கு வேறு ஊரும் வேறு கையும் கிடைக்கவில்லையா? ஊர்த் தலைவர் மகள் நீ. மற்றவர்களுக்கு ஒரு தீர்ப்பு, உனக்கு ஒரு தீர்ப்பு என்று நைனா சொல்லவும் மாட்டார், சொல்லவும் முடியாது. இன்றோடு அந்த வீட்டுக்கு மீன் கொடுப்பதை நிறுத்து. வேண்டாவைப் போகச்சொல்.

ஒன்று மட்டும் கேட்கிறேன், நேராகப் பதில் சொல். அந்தப் பையன் உன்னைக் கட்டிக்கொள்கிறேன் என்று சொன்னானா? அவன் வீட்டில் கேட்க தைரியம் இருக்கிறதா? இருந்தால் ஒரு வழி இருக்கிறது. நானும் உன் மாமாவும் வந்து பேசுவோம். உடனே எழுது.

பார்வதம்

குப்பம்
24-8-1974

அன்புள்ள அக்காவுக்கும் மாமாவுக்கும் குழந்தைக்கும் வச்சலாவின் வணக்கம். நாலு மாதமாக எழுதாததற்கு மன்னிக்கவும். மழைக்கு முன்னால் கூரை வேய்ந்தோம், அதில் நேரம் போய்விட்டது. நைனாவுக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. நீங்கள் அனைவரும் நலமாக இருக்க கன்னியம்மனை வேண்டிக்கொள்கிறேன்.

நைனா சொல்வது: படம் தீபாவளிக்கு ஆந்திராவில் வருகிறதாம். செங்கல்பட்டுக்கு வரும் தேதி தெரிந்ததும் கார்டு போடவும். லாரி பேசி ஊரையே அழைத்து வருவதாக நைனா வாக்குக் கொடுத்திருக்கிறார். இதுவரை அறுபத்தி மூன்று பேர் பெயர் சொல்லியிருக்கிறார்கள். நைனாவுக்குத் தெலுங்கு தெரிவதால், மற்றவர்களுக்கு அவர் அர்த்தம் சொல்வார்.

அக்கா, மீன் கொடுப்பதை நிறுத்திவிட்டேன். இங்கே எல்லாரும் காலையில் எழுந்தால் இந்தப் பேச்சுதான். வேண்டா தலைக்குத் தேய்த்துக் குளித்த அன்றைக்கு எடுத்தார்கள், அதனால் தலைமுடி பளபளவென்று விழுந்திருக்கும் என்கிறாள். பெயர் சொல்லாதவள் சந்திரம்மா ஒருத்திதான். ஷூட்டிங் அன்றைக்கு அவளை யாரும் வலைக்குக் கூப்பிடவில்லை. "நான் படத்துலயே இல்லை, நான் வந்து இன்னா பாக்கறது?" என்று சொன்னாள். போன வாரம் நைனாவே போய், "நீயும் வா சந்திரம்மா, ஊரே போவுது" என்று கூப்பிட்டுவிட்டு வந்தார்.

அந்தப் படம் நம் பக்கம் வராமலே போய்விட வேண்டும் என்று தினம் வேண்டிக்கொள்கிறேன்.

வச்சலா

செங்கல்பட்டு
30-12-1974

வச்சலாவுக்கு ஆசி. குழந்தை நடக்கிறாள், விழுகிறாள், மறுபடி நடக்கிறாள். நைனாவுக்குச் சொல்: பொங்கல் கழித்து ஞாயிற்றுக்கிழமை, ஜனவரி பத்தொன்பது, காலைக் காட்சி. முன்பெஞ்சு முழுவதும் குப்பத்துக்கு என்று உன் மாமா கொட்டகை முதலாளியிடம் சொல்லி வைத்துவிட்டார்.

நான் ஏப்ரலில் கேட்ட கேள்விக்கு நீ ஆகஸ்டிலும் பதில் சொல்லவில்லை. கூரை வேய்ந்தேன் என்கிறாய். சரி, அதை விடு.

உன் மாமாவிடம் சொல்லிவிட்டேன். எப்படிச் சொன்னேன், என்ன கேட்டுக்கொண்டேன் என்று நீ கேட்காதே. இரண்டு நாள் கொட்டகையிலேயே படுத்துக்கொண்டார். மூன்றாம் நாள், "உன் தங்கச்சி எனக்கும் தங்கச்சிதானே" என்றார். படப் பெட்டி வெள்ளிக்கிழமை ரயிலில் வரும். பிலிம் அறுந்தால் வெட்டி ஒட்டுவது அவர்கள் தொழிலில் நித்தம் நடப்பதுதான். அறுந்துபோனதாகச் சொல்லி அந்த இடத்தை எடுத்துவிடுவார். நீ அன்றைக்கு வராதே. காய்ச்சல் என்று படுத்துக்கொள்.

பார்வதம்

செங்கல்பட்டு
19-1-1975, ஞாயிறு

வச்சலாவுக்கு. உன் காய்ச்சல் தேவலையா என்று எழுதவும். நைனா லாரியில் ஏறிப் போனபிறகு ராத்திரியில் இதை எழுதுகிறேன். வீட்டில் குழந்தைக்கும் சாயங்காலத்திலிருந்து உடம்பு கொதிக்கிறது.

உன் மாமா வெள்ளிக்கிழமையே ரீலை விளக்கு வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தார். நீ இருக்கிறாய். வலது ஓரத்தில், கட்டுமரத்துக்குப் பக்கத்தில், முகம் நன்றாகத் தெரிகிறதாம். அவன் முகமும்தான். சின்ன இடமாக இருந்தால் தப்பித்திருக்கலாம். பெரிய வலை முழுவதும் அதே ஷாட்டில் இருக்கிறது. உன்னை எடுத்தால் ஊரையே எடுக்கவேண்டும். எடுத்துவிட்டார்.

நீ பார்த்திருக்கவேண்டும் இவர்கள் வந்து இறங்கிய அழகை. எல்லாரும் நல்ல புடவை, பூ. நைனா வெள்ளை வேட்டி. படம் ஓட ஓட உரக்க அர்த்தம் சொல்லிக்கொண்டே இருந்தார். அந்தப் பையன் ஜமீன்தார் அப்பாவை எதிர்த்து வீட்டை விட்டு வெளியே வந்தபோது நம் ஆட்கள் விசில் அடித்தார்கள். ஜமீன்தார் அந்தப் பெண்ணைத் துரத்தியபோது நைனா எழுந்தே நின்றுவிட்டார். "அடப்பாவி, மனசா அது, கல்லா? பச்சப் புள்ளய வெரட்டறியே!" என்று திரையைப் பார்த்துக் கத்தினார். துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சந்திரம்மா இரண்டு வரிசை பின்னால் உட்கார்ந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். எனக்கு அங்கேயே செத்துவிடலாம் போல இருந்தது.

பிறகுதான் வந்தது வினை. படம் முடிந்து விளக்குப் போட்டார்கள். "எங்கடா எங்க ஊரு?" என்று ஒருத்தன் கேட்டான். அவ்வளவுதான். "வலை இஸ்தது எங்க? எங்களக் காட்டலியே! வெட்டிட்டான்டா ஆப்ரேட்டரு!" பெஞ்சு உடைந்தது. முதலாளி ஓடிவந்து கேபினில் தேடி, சுருட்டி வைத்திருந்த துண்டைக் கண்டுபிடித்துவிட்டார். உன் மாமா அறுந்துபோச்சு என்று சொல்லிப் பார்த்தார். "அறுந்தா ஒட்டமாட்டியா?" என்று முதலாளி கூட்டத்தின் எதிரிலேயே கேட்டார். வருகிற ஞாயிறு அதே படத்தை மறுபடி போட்டு, அந்த இடத்தையும் சேர்த்துக் காட்டுவதாகக் கையடித்துக் கொடுத்திருக்கிறார். எல்லாரும் மறுபடி வருகிறார்கள். ஒட்டும்போது தானே பக்கத்தில் நிற்பதாகவும் முதலாளி சொல்லிவிட்டார்.

நாங்கள் செய்ய இதற்கு மேல் ஒன்றுமில்லை. உன் மாமாவுக்கு வேலை போகாமல் இருப்பதே பெரிசு. நைனாவை எப்படியாவது நிறுத்து. எனக்கு வேறு வழி தோன்றவில்லையடி.

பார்வதம்

குப்பம்
23-1-1975

அக்காவுக்கு. குழந்தைக்கு அம்மை போட்டிருப்பதாக லாரிக்காரர் சொன்னார். வேப்பிலை மாற்றிக்கொண்டே இரு. அம்மை இறங்கும்வரை நீ வீட்டை விட்டு வரக்கூடாது, நாங்களும் உங்கள் வீட்டுக்கு வரக்கூடாது என்று நைனா சொல்லச் சொன்னார்.

நிறுத்த முடியவில்லை. கால் வலிக்கும், வேண்டாம் என்றேன். "இன்னா பேஜாரு பண்றே? ஊரே என்ன நம்பிகினு கீது. இந்தத் தபா நீயும் வர்றே. படத்துல நீயும்தான் கீறே, பாக்கவேணாமா?" என்றார். நான் போகிறேன். போகாமல் இங்கே உட்கார்ந்து லாரி திரும்பி வரும் சத்தத்துக்குக் காத்திருக்க என்னால் முடியாது. இது உன் கைக்கு வரும்போது எல்லாம் முடிந்திருக்கலாம். என்ன நடந்தாலும் என்மேல் கோபப்படாதே அக்கா.

வச்சலா

குப்பம்
27-1-1975

என் உயிர் அக்காவுக்கு! குழந்தைக்கு அம்மை இறங்கித் தலைக்குத் தண்ணீர் விட்டாயா? இங்கே எல்லாரும் நலம். நிஜமாகவே நலம்!

யாரும் பார்க்கவில்லை அக்கா. ஒருத்தர்கூட இல்லை. நைனா பக்கத்தில் உட்கார்ந்து முந்தானையைக் கடித்துக்கொண்டிருந்தேன். அந்த இடம் வந்தது. அம்மாடி, எவ்வளவு பெரிசாக இருக்கிறேன்! என் தலை ஒரு கட்டுமரம் அளவு இருக்கிறது. அவர் என் கையைப் பிடிப்பது அப்படியே தெரிகிறது. எனக்குக் காது அடைத்துவிட்டது. சுற்றிலும் ஒரே கூச்சல். என்னைப் பார்த்துத்தான் கத்துகிறார்கள் என்று நினைத்தேன். பிறகுதான் என்ன கத்துகிறார்கள் என்று காதில் விழுந்தது. "அதோ நானு, அதோ நானு!" "ஐய, என் வயிறு இவ்ளோ பெர்சா?" வேண்டா பெஞ்சின் மேல் ஏறி நின்று, "என் தலமயிரப் பாருடி" என்று அழுகிறாள். அறுபது பேரும் அவரவர் முகத்தைத் தேடிக் கண்டுபிடிப்பதற்குள் அந்த இடம் போய்விட்டது. திரும்பப் போடு என்று கத்தினார்கள், மாமா காதில் வாங்கவே இல்லை. அவரைக் கையெடுத்துக் கும்பிட்டேன் என்று சொல்.

லாரியில் வரும்போது எல்லாரும் பாடிக்கொண்டே வந்தார்கள். நைனா மட்டும் தலைவலி என்று கண்ணை மூடிக்கொண்டார். வெயில்தான். இன்று கடலுக்குப் போகவில்லை. படுத்திருக்கிறார்.

இன்றைக்குத்தான் பத்து மாதம் கழித்து வயிறு நிறையச் சாப்பிட்டேன்.

வச்சலா

செங்கல்பட்டு
4-2-1975

வச்சலாவுக்கு ஆசி. குழந்தைக்குத் தண்ணீர் விட்டாயிற்று, முகத்தில் ஒரு தழும்புகூட இல்லை. உன் கடிதத்தை உன் மாமாவுக்குப் படித்துக் காட்டினேன். இருமிக்கொண்டே சிரித்தார். எனக்கும் இப்போதுதான் மூச்சு வந்தது.

ஆனால் நான் கேட்டதற்குப் பதில் இன்னும் வரவில்லை. மூன்றாம் தடவை கேட்கிறேன். அந்தப் பையன் என்ன சொல்கிறான்? கடைசியாக எப்போது பார்த்தாய்? நைனாவுக்குத் தலைவலி போயிற்றா? எழுந்து கடலுக்குப் போகிறாரா? இரண்டுக்கும் சேர்த்து எழுது.

பார்வதம்

குப்பம்
26-2-1975

பெரியவளே பார்வதம், உன் நைனா காத்தவராயன் சொல்றது. நீ, மாப்ள, கொயந்த எல்லாம் நல்லா இருக்கணும். எப்பவும் இவ என் பேச்சத் திருத்தி நல்ல தமிழ்ல எழுதுவா. இன்னிக்கி அது வேணாம், நான் சொல்றத்த சொல்றபடியே எழுதுன்னு எதுருல குந்திகினு சொல்றேன்.

அன்னிக்கி உங்க கொட்டாயில ஊரே அவங்கவங்க மூஞ்சியத் தேடிகினு இருந்துச்சு. எனக்கு அறுவது வயசு. என் மூஞ்சிய நான் பாத்து இன்னா ஆவப்போவுது? எம்பொண்ணு எங்க நிக்கிறான்னுதான் தேடினேன். கண்டுகினேன்.

ஏன் நிறுத்திட்ட? எழுது. நான் உன்ன அடிக்கவா போறேன்?

பத்து நாளு கடலுக்குப் போவலை. அப்புறம் பஸ் ஏறி அந்த காண்ட்ராக்டர் வூட்டுக்குப் போனேன். முன்வாசல்லதான் போயி நின்னேன். குந்தச் சொல்லலை. பையனக் கூப்ட்டாரு. அவன் வந்து தலையக் குனிஞ்சுகினே, "மீனு குடுக்க ஒரு பொண்ணு வரும், பேரு தெரியாது"ன்னான். பேரு தெரியாதாம். கல்யாணம் நிச்சயம் ஆயிருக்குது, தை பொறந்ததும் பொண்ணு வூட்ல வந்து தாம்பூலம் மாத்திகினாங்கன்னு அவங்க அம்மா சொன்னா. சினிமாவுல வர்ற பையன் அப்பனோட சண்ட போட்டான். இவன் தலையத் தூக்கிக்கூட பாக்கலை. இது எதுவும் இவளுக்கு நான் சொல்லலை. இப்ப எழுதும்போதுதான் இவளே கேக்கறா. இல்ல, அவளுக்கு முன்னமே தெரியும் போலக் கீது. நிமிர்ந்து பாக்கமாட்டேன்றா.

அழுவாதே. எழுத்து கலைஞ்சிட்டா பெரியவளுக்குப் படிக்க வராது.

சொல்லவந்தது அது இல்லை. கொட்டாயில இன்னொரு ஆளும் பாத்துச்சு. சந்திரம்மா. அவ படத்துல இல்லை. தேட அவளுக்குன்னு மூஞ்சி இல்லை. அதனால எல்லாரையும் பாத்தா. என் பொண்ணயும் பாத்தா. அப்புறம் திரும்பி என்னப் பாத்தா. நானும் அவளப் பாத்தேன். முந்தின வாரம் அந்த ஜமீன்தாரப் பாத்து நான் கத்தினதெல்லாம் அவ கேட்டுகினுதான் இருந்தா.

அவ வாயத் தொறந்தா போதும், எங்கதை முடிஞ்சிச்சு. ஒரு மாசம் ஆச்சு. தொறக்கலை. தினம் என் பொண்ணு பக்கத்துலயே குந்தி மீன் விக்கறா. முந்தாநாளு அவ வூட்டுக்கே போனேன். "இன்னா பண்ணணும் சொல்லு சந்திரம்மா"ன்னு கேட்டேன். "ஒண்ணும் பண்ண வேணாம் அண்ணாத்த. இன்னொரு பொண்ணு மூட்டயத் தூக்கிகினு பஸ் ஏறுறத்த என்னால பாக்க முடியாது"ன்னா. அவளுக்கு நான் செஞ்சதுக்கு அவ என்ன ஊருக்கு நடுவுல நிக்கவெச்சு காரித் துப்பியிருக்கலாம். அது பரவால்லை. இத்தத்தான் என்னால தாங்க முடியலை. எனக்குத் தூக்கம் போயி எவ்ளோ நாளு ஆவுது தெரியுமா?

அதனால வர்ற ஞாயித்துக்கியம ஊர்க் கூட்டம் போட்டிருக்கேன். நானே எழுந்து நின்னு சொல்லப்போறேன். ரத்னாவுக்கு நான் சொன்ன அதே தீர்ப்பு, ஒரு வார்த்த கூடவும் வேணாம், கொறையவும் வேணாம். இவ வேணாம் நைனா, யாருக்கும் தெரியாதுன்னு கையப் புடிச்சுக் கெஞ்சறா. எனக்குத் தெரியும்ல. சந்திரம்மாவுக்குத் தெரியும்ல. அப்புறம் நான் எந்த மூஞ்சிய வெச்சுகினு தலைவர்னு நடுவுல குந்தறது? எனக்கும் பயமாத்தான் கீது. அறுவது வருசம் இந்தக் கரையில பொறந்து வளந்தவன், நாளைக்கி எந்தத் தண்ணியில எறங்குவேன்னு தெரியலை.

ஆனா ஒண்ணு. அந்தப் பொண்ண அன்னிக்கித் தனியா அனுப்பிச்சோம். பெத்தவன் கூடப் போவலை. என் தீர்ப்புக்குப் பயந்து நின்னுட்டான். இவ தனியாப் போவமாட்டா. நானும் போறேன். இத்தப் பெரிய எழுத்துல எழுது.

ரத்னா எங்க கீறான்னு தேடறதும் இனிமே என் வேலை. அந்தப் பக்கம் யாரையாவது கேக்க முடியுமான்னு மாப்ளையையும் கேளு.

பார்வதம், உங்க வூட்டுல ரெண்டு பேருக்கு இடம் கெடைக்குமா? மாப்ளயக் கேட்டு சனிக்கியமக்குள்ள பதில் போடு. மூடின லெட்டரு வேணாம். கார்டுலயே போடு. யாரு படிச்சாலும் பரவால்லை.

காத்தவராயன்